அடுத்தது கீதா?

“ஆவணி, வியாழன். மாலை வண்டி பத்து நிமிஷம் தாமதம். மழை இல்லை. அக்கா இன்று ரேடியோவில் பேசிவிட்டார்.”

என் பழைய நாட்குறிப்பில் இப்படி இருக்கிறது. வருஷம் இல்லை. நோட்டின் அட்டையையும் முதல் சில தாள்களையும் கரையான் தின்றுவிட்டதால், வருஷத்தைக் கணக்குப் போட்டுத்தான் பிடிக்க வேண்டியிருக்கிறது. ரேடியோவில் ஹார்மோனியம் கூடாது என்று ஆனது நாற்பதாம் வருஷம். அக்காவின் கணவர் அதற்குப் பிறகுதான் ஜால்ராவுக்கு மாறினார். ஜப்பான்காரன் குண்டு போடப் போகிறான் என்று பட்டணத்துச் சனங்கள் மூட்டை கட்டியது நாற்பத்திரண்டு சித்திரை. அதற்கு முன்பே எல்லாம் நடந்து முடிந்துவிட்டது. மிஞ்சுவது இரண்டு ஆவணிகள். அதே நோட்டில் சில பக்கங்கள் தள்ளி என் தங்கைக்கு ஆண் குழந்தை பிறந்த குறிப்பு இருக்கிறது. அவன் பிறந்தது நாற்பத்தொன்று ஐப்பசி. ஆகவே அக்கா ரேடியோவில் பேசியது நாற்பத்தொன்று ஆவணியில்தான். இதில் எனக்குச் சந்தேகமில்லை.

பெயரை எழுதப் போவதில்லை. அவர் அப்படிக் கேட்டுக்கொண்டார். “என் பேரப் போட்டு எய்தாத ரைட்டரு. அப்பால எவனாச்சும் வந்து இதுக்கு இன்னா, அதுக்கு இன்னான்னு கேப்பான். கேட்டா நான் பதில் சொல்லாம இருக்க மாட்டேன். எனக்கு வேற வேல இல்லியா?” என்றார். நான் பட்டணத்தில் ஓர் அலுவலகத்தில் குமாஸ்தா. அவர் வாயில் அது ‘ரைட்டர்’. அம்பத்தூர் ஸ்டேஷனுக்குத் தெற்கே ஒரே சந்தில் எதிரெதிர் வீடுகளில் நான்கு வருஷம் குடியிருந்தோம். ஊரில் அவரை ‘வியாழக்கிழமை அக்கா’ என்றார்கள். ஒவ்வொரு வியாழன் மாலையும் ரேடியோவில் அரைமணி நேரக் கதம்ப நிகழ்ச்சி ஒன்று வரும். கொஞ்சம் நகைச்சுவை, ஒரு வாத்தியம், நடுவில் வேடிக்கைப் பாட்டு, கடைசியில் பக்திப் பாட்டு. அந்த வேடிக்கைப் பாட்டு அக்காவுடையது.

அவர் சொன்ன காரணத்திலேயே அவர் முழுவதும் அடங்கிவிடுகிறார். கேட்டால் பதில் சொல்லாமல் இருக்க அவரால் முடியாது. மனிதர்தான் கேட்க வேண்டும் என்பதுமில்லை. செவ்வாய்க்கிழமைகளில் ஒத்திகைக்காக அவர், நான் வேலைக்குப் போகும் காலை வண்டியில் பட்டணம் வருவார். பெண்கள் பெட்டிக்கும் எங்கள் பெட்டிக்கும் நடுவில் பலகைத் தடுப்பு மேலே கூரைவரை போகாது. குரல்கள் தாராளமாக வரும். வில்லிவாக்கம் ரயில்வே கேட்டுக்கு முன்னால் இஞ்சின் ஊதும். ஊதல் நின்றதும் தடுப்புக்கு அந்தப் பக்கமிருந்து அதே சுருதியில், “வந்துகினேதான் கீறோம்!” என்று ஒரு குரல் நீளும். எங்கள் பெட்டி முழுக்கச் சிரிக்கும். டிக்கெட் பரிசோதகர் ஒருவர், முகத்தை ஒருபோதும் தளர்த்தாதவர், அந்த இடம் வரும்போது மட்டும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வார்.

பேசும்போது குரல் கரகரப்பாக இருக்கும், நெல் உமியைக் கையில் அள்ளியதுபோல. பாடும்போது அந்தக் கரகரப்பு எங்கே போகும் என்று தெரியாது. வலது காதைக் கையால் மூடிக்கொண்டு பாடுவார். நாடக மேடையில் வந்த பழக்கம். பத்துப் பன்னிரண்டு வருஷம் ஒரு நாடகக் கம்பெனியில் ராணி, தோழி, கிழவி என்று எது கொடுத்தாலும் நடித்தவர். அந்தக் காலத்து அக்காவை நான் பார்த்ததில்லை. பார்த்தவர் எங்கள் ஊர் சைக்கிள் கடை பாய். அவருடைய சொந்த ஊர் பூந்தமல்லி. அங்கே கம்பெனி முகாம் போட்டிருந்தபோது நடந்ததை அவர் எனக்குப் பலமுறை சொல்லியிருக்கிறார். ஒருமுறைகூட விவரம் மாறவில்லை என்பதால் நம்புகிறேன்.

அன்று அக்கா ராணி வேஷம். விஷம் குடித்துவிட்டு மெதுவாகச் சாக வேண்டும். சாவுக்கு ஒரு நீண்ட பாட்டு. முகாரி. மூன்றாவது சரணம் தொடங்கும்போது கூட்டத்தில் ஒருவன், “யம்மா, பசி தாங்கல, சீக்கிரம் செத்துப் போம்மா!” என்று கத்தினான். அக்கா தரையில் கிடந்தபடியே, ராகம் மாறாமல், தாளம் தப்பாமல், “சாவறேன் நைனா, இந்தச் சரணம் முடியட்டும்” என்று பாடினாராம். கொட்டகை ‘ஒன்ஸ்மோர்’ கேட்டது. ராணி எழுந்து உட்கார்ந்து, மறுபடி விஷம் குடித்து, மறுபடி செத்தார். “அப்டி ஒரு சாவ நான் இதுவரிக்கும் பாக்கல ரைட்டர் சார். சிரிச்சுச் சிரிச்சு எனக்கே உசுரு பூடும்போல ஆய்ட்ச்சி” என்பார் பாய்.

டாக்கி என்று பேசும் படம் வந்ததும் கம்பெனி கலைந்தது. கணவரின் அத்தை வீடு அம்பத்தூரில் காலியாக இருந்ததால் அங்கே வந்தார்கள். கணவர் அதே கம்பெனியில் ஹார்மோனியம் வாசித்தவர். ஒரு நாளைக்கு ஐந்தாறு வார்த்தை பேசினால் அதிகம். “அவரு பேச வேண்டியதயும் சேத்து நானே பேசிட்றேன். ஊட்டுக்கு ஒரு வாய் போதும்” என்பார் அக்கா. அவர் தலையாட்டுவார்.

ரேடியோவுக்கு அக்கா எப்படிப் போனார் என்பதற்கு இரண்டு விதமாகச் சொல்லக் கேட்டிருக்கிறேன். இரண்டும் ஒத்துப்போகாததால் இங்கே சேர்க்கவில்லை. முதல் நாள் நடந்தது மட்டும் அவரே சொன்னது. மேடைக் குரலை மைக் தாங்காது என்று, தரையில் எட்டடி தள்ளிச் சாக்பீஸில் ஒரு கோடு போட்டு அவரை அங்கே நிறுத்தினார்கள். அறையில் யாரும் இல்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிகழ்ச்சி அதிகாரி நின்றிருந்தார்.

“யாருக்கு சார் பாடறது?” என்று அக்கா கேட்டார்.

“நேயர்களுக்குப் பாடுங்கள்.”

“அவுங்க எங்க கீறாங்க?”

“அவரவர் வீட்டில் இருக்கிறார்கள்.”

“அவுங்க இன்னா சொல்றாங்கன்னு எனக்கு எப்டி சார் தெரியும்?”

“தெரியாது, அம்மா. தெரிய வேண்டிய அவசியமும் இல்லை.”

“பாவம், இன்னாவாச்சும் கேட்டுகினு இருப்பாங்களே. அப்டியே உட்டுட்டு வந்துட்றதா?”

அந்தக் குறை அவருக்குக் கடைசிவரை தீரவில்லை. ஒரு வழி மட்டும் செய்துகொண்டார். ஹார்மோனியத்துக்கு இடமில்லாமல் போனபோது, கணவரை ஜால்ரா போடச் சொல்லித் தமக்கு நேரெதிரே உட்கார வைத்தார். ஹார்மோனியத்தின் எல்லாக் கட்டைகளிலும் விரல் ஓடிய மனிதர், இரண்டு சின்னப் பித்தளைத் தட்டுகளைப் பிடித்துக்கொண்டு மனைவியின் முகத்தைப் பார்த்துத் தலையாட்டிக்கொண்டிருப்பார். “அவரு ஒரு தபா ஆட்டினா ஊரே கை தட்டினாப்ல” என்றார் அக்கா.

மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஒப்பந்தக் கடிதம் வரும். இங்கிலீஷில் இருப்பதால் என்னிடம்தான் கொண்டுவருவார். நிபந்தனைகளை ஒவ்வொன்றாகத் தமிழில் சொல்லுவேன். அவற்றில் ஒன்று, ஒப்புக்கொண்ட பாடல்களைத் தவிர மைக்கின் முன் வேறெதுவும் பேசலாகாது என்பது.

“பேசலாகாதுன்னா?”

“பேசக் கூடாதுக்கா.”

“யாரு கேட்டாலுமா?”

“யார் கேட்டாலும்.”

சற்று யோசித்தார். “ஊமையாட்டம் போயி, பாட்டு மட்டும் பாடிட்டு, ஊமையாட்டம் வரணும். செரி, எங்க ஊட்டுக்காரராட்டம் இருந்துட்டு வரேன்” என்று சொல்லிக் கைநாட்டு வைத்தார். பெரிய எழுத்து நோட்டீஸ் படிப்பார், எழுத வராது. ஒரு வருஷத்துக்கு மேல் அந்த நிபந்தனையைக் காப்பாற்றினார் என்பதையும் சொல்ல வேண்டும்.

அந்த ஆவணி வியாழனுக்கு வருகிறேன். எங்கள் பக்கத்தில் அப்போது மின்சாரம் இல்லை. பாட்டரியில் ஓடும் ரேடியோ பாய் கடையில் ஒன்று இருந்தது. வியாழக்கிழமை மாலை கடைக்குள் சைக்கிளுக்கு இடம் இருக்காது, அவ்வளவு ஆட்கள். அன்று அக்கா மாமியார் மருமகள் சண்டைப் பாட்டு ஒன்றைப் பாடி முடித்தார். அடுத்து பக்திப் பாட்டு வர வேண்டும். அந்தப் பகுதிக்குக் ‘கீதாமிர்தம்’ என்று பெயர் வைத்திருந்தார்கள். அதே அறையில் நின்று பேசும் அறிவிப்பாளர் புதுப் பையன், சுத்தமான தமிழ், அழகான குரல். “நகைச்சுவைப் பாடல் நிறைவு பெற்றது. அடுத்தது கீதா—” என்று தொடங்கினார். அந்த இடத்தில் அவருக்கு இருமல் வந்துவிட்டது.

எங்கள் பக்கத்தில் ‘அடுத்தது கீதா?’ என்றால் அடுத்தது இருக்கிறதா என்று அர்த்தம்.

இருமலுக்கு நடுவே, எட்டடி தூரத்திலிருந்து அந்தக் கரகரத்த குரல், மிகவும் மரியாதையாக, ரேடியோ எட்டும் ஊர்களுக்கெல்லாம் போய்ச் சேர்ந்தது:

“கீது சாமி! இன்னும் ரெண்டு கீது. பாடட்டுமா?”

கடையில் பாய் தொடையில் அறைந்துகொண்டு, “யா அல்லா! அக்கா பதில் சொல்லிட்ச்சிடா!” என்றார். சிரிப்பில் ரேடியோவில் அடுத்து வந்தது யாருக்கும் கேட்கவில்லை. நான் பெட்டியோடு காதை வைத்துக் கேட்டேன். யாரோ செருப்புக் காலோடு ஓடும் சத்தம் வந்தது, பிறகு ஒரு வீணை இசைத்தட்டு.

மறுநாள் காலை நான் வேலைக்குக் கிளம்பும்போது அக்கா வாசலில் நின்றிருந்தார்.

“கேட்டியா ரைட்டரு?”

“கேட்டேன்க்கா.”

“அவரு கேட்டாரு, நான் சொன்னேன். அதுக்குப் போயி அந்தப் பெரிய சார் ஒரு பேச்சு பேசல, மூஞ்சியத் திருப்பிக்கினு பூட்டாரு. இன்னா தப்பு?”

“அவர் உங்களக் கேக்கலக்கா. கீதாமிர்தம்னு சொல்ல வந்தாரு. பாதியில இருமல் வந்துடுச்சு.”

அக்கா அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார். உள்ளே திரும்பி, “யோவ், இருமலாம்யா!” என்றார். கணவர் தலையாட்டினார். அவருக்கு அப்போதே தெரிந்திருக்கிறது. “தெரிஞ்சிகினா குந்தினு இருந்த? ஜால்ராவ ஒரு தட்டு தட்டியிருந்தா நான் வாய மூடியிருக்க மாட்டேனா?” என்று கேட்டுவிட்டு, என் பக்கம் திரும்பினார். “அந்தப் புள்ளையாச்சும் ஆவி புட்ச்சிட்டு வேலைக்கு வரக் கூடாதா?”

ஊருக்கு அது பெரிய கொண்டாட்டம். ஸ்டேஷன் காப்பிக் கடையில் இட்லி வாங்குகிறவன், “அடுத்தது கீதா?” என்பான். உள்ளேயிருந்து, “கீது சாமி! இன்னும் ரெண்டு கீது!” என்று குரல் வரும். ஏர் ஓட்டுகிறவர்கள் வரப்புக்கு வரப்பு கேட்டுக்கொண்டார்கள். அக்காவிடமே கேட்டார்கள். அவரும் சளைக்காமல் ஒவ்வொருவருக்கும் பதில் சொன்னார். ஆனால் அடுத்த வியாழன் அவருக்கு அழைப்பு இல்லை. அதற்கடுத்த வியாழனும் இல்லை. அவர் இடத்தில் இசைத்தட்டு போட்டார்கள். மூன்று மாதக் கெடு முடிய இன்னும் இரண்டு வாரம்தான் இருந்தது. புதுக் கடிதம் வரவில்லை.

ஒரு மாலை அவர் வீட்டுக்குப் போயிருந்தேன். கணவர் ஜால்ராவைப் புளி போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தார். அக்கா அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். வெளியே போன ஒருவன் வழக்கம்போல், “அக்கா, அடுத்தது கீதா?” என்றான். “கீது கீது, போடா” என்றார். அவன் போனதும் முறத்தைக் கீழே வைத்தார்.

“எங்க கீது? நாடகம் பூட்ச்சி. டாக்கிக்காரன் என் மூஞ்சியப் பாத்துட்டு வயசு கேட்டான். எனக்குன்னு கீறது இந்த வியாழக்கெழம ஒண்ணுதான் தம்பி. அதுவும் பூட்ச்சின்னா நான் யாருக்குப் பாடறது? இந்த மனுசனுக்கா?”

கணவர் தலையாட்டினார். அக்காவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை.

கெடு முடியும் வாரத்தில் ஒரு கடிதம் வந்தது. ஒப்பந்தம் அல்ல, நேரில் வந்து விளக்கம் தர வேண்டும் என்று இரண்டு வரி. இங்கிலீஷுக்கு ஆள் வேண்டும் என்று என்னைக் கூப்பிட்டார். அரை நாள் லீவு போட்டுக்கொண்டு, அவரோடும் கணவரோடும் போனேன். வழியெல்லாம் சொல்லிக்கொடுத்தேன். “அவர் என்ன சொன்னாலும் ‘சரிங்க சார்’ மட்டும் சொல்லுங்கக்கா. வேற எதுவும் வேணாம்.” அதற்கும் அவரிடம் பதில் இருந்தது. “அவரு ‘நீ வராத’ன்னு சொன்னா? அதுக்கும் ‘செரிங்க சார்’னு சொல்லணுமா?”

நிகழ்ச்சி அதிகாரிக்கு ஐம்பது வயதுக்குள் இருக்கும். அல்பாகாக் கம்பளிக் கோட்டு, தங்க விளிம்புக் கண்ணாடி. இங்கிலீஷுக்கு என்னைக் கூட்டிவந்தது வீண். அவர் பேசியது தமிழ், அச்சடித்த புத்தகம் போன்ற தமிழ். ஒற்றெழுத்துகூடக் காதில் விழுந்தது. மேஜைமேல் கடிதக் கட்டு ஒன்று இருந்தது.

“இவையெல்லாம் புகார்கள், அம்மா. நிலையத்தில் இத்தகைய பேச்சை அனுமதிக்கலாமா என்று கேட்டிருக்கிறார்கள். கொச்சை என்று எழுதியிருக்கிறார்கள். இதற்கு நான் என்ன மறுமொழி எழுதுவது?”

“நான் வேணா பதில் சொல்லட்டுமா சார்?” என்றார் அக்கா. நான் அவர் முந்தானை நுனியை மெதுவாக இழுத்தேன்.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “உங்கள் பாட்டில் குறையே இல்லை. என் வீட்டிலும் கேட்கிறார்கள். எனக்கு வேண்டியது ஓர் உறுதிமொழிதான். யார் எது சொன்னாலும், எது காதில் விழுந்தாலும், பதில் சொல்லாமல் இருக்க உங்களால் முடியுமா?”

“செரிங்க சார்” என்று சொல்லியிருந்தால் போதும். அக்கா அந்தக் கேள்வியை நிஜமாகவே எடுத்துக்கொண்டார். கூரையைப் பார்த்தார், தரையைப் பார்த்தார், கணவரைப் பார்த்தார்.

“தெரியலீங்களே சார். இதுவரிக்கும் இருந்து பாத்ததில்ல.”

அதிகாரி கடிதக் கட்டை இழுத்து நேராக வைத்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை; வருத்தம்தான் இருந்தது. “அப்படியானால், அம்மா, எங்களால்...” என்று தொடங்கினார்.

அந்த நேரத்தில் ஒரு பியூன் அவசரமாகக் கதவைத் திறந்து, “சார், டெல்லிக்குப் போற ஃபைலைக் காணோமாம், மாடியில தேடறாங்க” என்றான். அதிகாரி எங்கள் மேலிருந்த கண்ணை எடுக்காமல், பீரோப் பக்கம் கையை நீட்டி, “அங்கதான்டா கீது, எட்த்துகினு போ” என்றார்.

பியூன் ஃபைலை எடுத்துக்கொண்டு போய்விட்டான். கதவு சாத்திக்கொண்டது. தாம் சொன்னது அதிகாரியின் காதுக்கே அப்போதுதான் எட்டியிருக்க வேண்டும். கண்ணாடியை மாட்டப் போன கை நடுவில் நின்றுவிட்டது.

நான் அக்காவைப் பார்க்கவில்லை. பார்க்கப் பயம். முகாரி பாடிச் சாகும்போதே விடாதவர் இதை விடுவாரா? அவர் ஆயுளில் யாரும் அவருக்கு இப்படி ஒரு சந்தர்ப்பத்தைக் கையில் வைத்துக் கொடுத்திருக்க மாட்டார்கள். ஒரு வார்த்தை போதும். “கீதா சார்?” என்றால் போதும். அந்தப் பக்கம் கணவர் மடியிலிருந்த ஜால்ராப் பையை இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துக்கொண்டதை மட்டும் கண்டேன்.

ஒன்றும் வரவில்லை. கடைசியில் திரும்பிப் பார்த்தேன். அக்கா முந்தானையை இழுத்துத் தோளில் போர்த்திக்கொண்டு, உதட்டை மடித்து, தரையில் ஒரு சதுரக் கல்லைப் பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் சிரிப்பின் சாயல்கூட இல்லை. பொட்டுப் பொட்டாக நெற்றியில் வியர்த்திருந்தது.

அதிகாரி வெகுநேரம் அவரையே பார்த்தார். பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு, பழைய புத்தகத் தமிழிலேயே சொன்னார்: “முடியும் போலிருக்கிறதே.”

“செரிங்க சார்” என்றார் அக்கா.

வெளியே வந்து வேப்பமரத்தடியில் நின்றதும் நான் கேட்டேன். “எப்படிக்கா வாய மூடிக்கினு இருந்தீங்க?” எனக்கும் அந்தப் பேச்சு தொற்றியிருந்தது.

“இன்னாத்துக்குப் பேசணும்? அவரு அவுங்க ஊட்ல பேசறாப்ல பேசிட்டாரு. ஒருத்தர் ஊட்டுப் பேச்சுக்கு நாம எதுக்குப் பதில் சொல்றது?” என்றார். சிறிது தூரம் நடந்த பிறகு, “வயித்த வலிக்குதுடா தம்பி” என்று சொல்லிவிட்டு, சுவரைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தார். கணவரும் சிரித்தார். அவர் சிரிக்கும் சத்தத்தை அன்றுதான் முதலில் கேட்டேன்.

ஒப்பந்தக் கடிதம் ஒரு வாரத்தில் வந்தது. நிபந்தனைகளில் எதுவும் மாறவில்லை. நிகழ்ச்சியில் மட்டும் ஒரு சின்ன மாற்றம்: ‘கீதாமிர்தம்’ என்ற பெயரை எடுத்துவிட்டு ‘பக்திப் பாடல்’ என்று வைத்துவிட்டார்கள். யார் செய்தது என்று சொல்லவில்லை. பாய்க்கு அதில் வருத்தம்தான். நான் அம்பத்தூரை விட்டு மாற்றலாகிப் போகும்வரை வியாழக்கிழமைகளில் அக்கா பாடிக்கொண்டிருந்தார். பாட்டு முடிந்ததும் மௌனமாக இருந்தார். கடையில் கேட்டுக்கொண்டிருந்த நாங்கள்தான், அறிவிப்பாளர் “அடுத்தது” என்றதும், அவருக்காகப் பதில் சொல்லுவோம்.

ஒன்று மட்டும் பாக்கி. அந்த அதிகாரியும் எங்கள் பக்கத்து ஆள்தான், பூந்தமல்லியை ஒட்டிய சென்னீர்குப்பத்துக்காரர், அங்கே நிலம் வைத்திருந்த ஒரு குடும்பத்துப் பிள்ளை, படிப்புக்காகப் பட்டணம் போனவர் என்று பாய் சொன்னார். நான் இரண்டுமுறை போய் விசாரித்தேன். அந்தப் பெயரில் ஒருவர் படித்துப் போனது உண்மை என்றார்கள். குத்தம்பாக்கத்திலும் அதே பெயரில் ஒருவர் படித்துப் போயிருக்கிறார் என்று அங்கேயே இன்னொருவர் சொன்னார். இருவரில் யார் என்றோ, இருவருமே இல்லையா என்றோ சொல்லக்கூடிய ஆளை நான் சந்திக்கவில்லை. என் குறிப்பில் ‘சொந்த ஊர்: சென்னீர்குப்பம்’ என்று எழுதி, பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறேன். அதை எடுப்பதற்கு எனக்கு இன்னும் ஆதாரம் கிடைக்கவில்லை.